கோழித் தீனியும் கறிக்குழம்பும்

திருநெல்வேலிச் சீமையில் ஜனங்கள் இரண்டு வகை. ஆற்றுத் தண்ணீர் பாய்ந்து விளைந்ததைத் தின்கிறவர்கள் ஒரு வகை. வானத்தை அண்ணாந்து பார்த்துப் பார்த்து விளைந்ததைத் தின்கிறவர்கள் இன்னொரு வகை. முன்னவர்கள் ஆத்துப் பாசனம், பின்னவர்கள் கரிசக்காடு. நெல்லையில் பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்துச் சொச்சத்தில் கோவில்பட்டி வந்துவிடும். கல்யாணம் பேசும்போது மட்டும் அது கண்டம் விட்டுக் கண்டம் ஆகிவிடும்.

என் அப்பா சேரன்மகாதேவிப் பக்கம். அம்மா கோவில்பட்டிக்குக் கிழக்கே. இந்தக் கல்யாணம் எப்படித் தகைந்தது என்று இரண்டு பக்கத்துக்காரர்களும் இன்றுவரை ஆச்சரியப்பட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

அப்பாவின் தங்கை, என் அத்தை, ஆத்துப் பாசனத்தின் அதிகாரப்பூர்வப் பிரதிநிதி. கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், ஸ்ரீவைகுண்டம் என்று தாமிரபரணியின் எட்டு அணைக்கட்டுகளையும் ஒரே மூச்சில் சொல்லுவாள். ஏதோ தன் தாத்தா கட்டிவைத்துவிட்டுப் போன மாதிரி ஒரு தொனி இருக்கும். பொதிகையில் கிளம்பிப் புன்னைக்காயலில் கடலில் விழுகிற ஆறு ஏறக்குறைய 128 கிலோமீட்டர்தான். அத்தை பேசுவதைக் கேட்டால் கங்கை இதன் கிளை நதியோ என்று சந்தேகம் வரும். கார் ஒரு போகம், பிசானம் ஒரு போகம். வருஷத்துக்கு இரண்டு போகம் நெல் பார்த்த கண்ணுக்கு மற்ற தானியமெல்லாம் ஆண்டவன் பறவைகளுக்காகப் படைத்தவை.

இதில் அரசாங்கத்தின் பங்கும் உண்டு. ஆத்துப் பக்கத்துக்கு அம்பாசமுத்திரத்தில் நெல் ஆராய்ச்சி நிலையம். கரிசலுக்குக் கோவில்பட்டியில் வேளாண் ஆராய்ச்சி நிலையம். அங்கே பிறந்த ‘அம்பை 16’ எங்கள் ஊர் இட்லிக் கொப்பரைகளை ஆண்டது. இங்கே பிறந்த சோள ரகங்களுக்குக் ‘கே’ என்று ஊர்ப்பெயரின் ஆங்கில முதலெழுத்தை வைத்து எண் போட்டார்கள். இரண்டு பக்கமும் விஞ்ஞானி வைத்துச் சண்டை போடுகிற சம்பந்திமார் வேறெங்கும் உண்டா தெரியவில்லை.

அம்மாவின் அண்ணன், என் தாய்மாமா, பொங்கலுக்குப் பொங்கல் ஒரு மூட்டை சோளம் கொண்டுவந்து இறக்குவார். சீர் வரிசையோடு வருகிற சோளம். வேண்டாம் என்று சொல்ல முடியாது. அப்பா இரண்டு கையாலும் வாங்கி, மிகுந்த மரியாதையோடு, கோழிக்கூட்டுப் பக்கம் கொண்டுபோய் வைப்பார். மச்சினன் வண்டி தெருமுனை திரும்புகிற வரைக்கும்கூடப் பொறுக்க மாட்டார். “நம்ம வீட்டுக் கோழிக்கு வந்த யோகத்தப் பாரு” என்பாள் அத்தை. அம்மா ஒன்றும் சொல்ல மாட்டாள். மூட்டை என்னவோ மாசி பங்குனிக்குள் காலியாகிவிடும். கோழிகள் மட்டும் தேறியதே இல்லை. பெருச்சாளி தின்றிருக்கும் என்று அப்பா முடிவுகட்டி, வருஷா வருஷம் ஒரு புதுப் பொறி வாங்குவார்.

ஆக, எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைக் கறிக்குழம்பு என்றால் அதற்குக் கீழே சோறு, அதுவும் நெல்லுச் சோறு. மேலே என்ன ஊற்றலாம் என்று சமையல்கட்டில் வாதாடலாம். கீழே என்ன இருக்க வேண்டும் என்பது சட்டம்.

இந்தச் சட்டத்தின் மேல் எனக்கு ஒரு வழக்கு உண்டு. வெள்ளை வெளேரென்று வடித்த சோறு, பருக்கை பருக்கையாக, இலையில் ஒன்றை ஒன்று தொடாமல் உட்கார்ந்திருக்கும். அதன் தலையில் குழம்பை ஊற்றினால் என்ன நடக்கும்? இண்டு இடுக்கெல்லாம் புகுந்து, அடியில் இறங்கி, இலை சரிவாக இருக்கிற பக்கம் ஓடும். அப்புறம் கையால் அணைகட்டிக்கொண்டே சாப்பிட வேண்டும். எட்டு அணை கட்டியும் எங்கள் ஜனங்களுக்கு ஆசை தீரவில்லை என்று அம்மா சொல்வாள். மல்லியும் மிளகும் மணிக்கணக்கில் கறியோடு பேசிப் பேசித் திரண்ட குழம்பு, சோற்றுக்குச் சாயம் போடுவதோடு தன் வேலையை முடித்துக்கொள்கிறது. பருக்கைக்கு உள்ளே அது போவதில்லை.

சோளச்சோறு அப்படியில்லை. அது குருணையும் மாவும் சேர்ந்து இறுகிய பண்டம். நடுவில் விரலால் ஒரு குழி பண்ணிக் குழம்பை விட்டால் குளம் மாதிரி நிற்கும். ஓரத்திலிருந்து பிய்த்துப் பிய்த்துத் தோய்க்கலாம். தனக்கென்று பெரிய ருசி இல்லாததால் குழம்பின் ருசியோடு போட்டிக்கும் வராது. கெட்டிக் குழம்புக்குக் கரடுமுரடான தானியம்தான் பொருத்தம் என்பது என் கட்சி. இத்தாலியின் வடக்கே மக்காச்சோள மாவைக் கிண்டிப் பொலெண்டா என்கிறார்கள், ருமேனியாவில் அதுவே மாமாலிகா, கென்யாவில் உகாலி. எல்லோரும் அதன் பக்கத்தில் வைப்பது நின்று வெந்த கறியும் அதன் சாறும்தான். உலகமே ஒரு பக்கம் நிற்கிறது, கன்னடியன் கால்வாய் மட்டும் மறுபக்கம்.

உலகம் என் கட்சி என்பது வீட்டுக்குத் தெரியவந்தது அக்கா மகன் மூலமாக. அவன் அமெரிக்காவில், ஜார்ஜியா மாநிலத்து அட்லாண்டாவில் இருக்கிறான். ஒருநாள் வீடியோ அழைப்பில் வந்து தட்டைக் காட்டினான். மஞ்சள் பாரித்த வெண்மையில் கொழகொழவென்று ஒன்று. அதன் மேலே தொட்டால் உதிர்ந்துவிடும் போல ஒரு கறித் துண்டு. சுற்றிலும் கருஞ்சிவப்புக் குழம்பு.

“ஆச்சி, இத நாலஞ்சு மணி நேரம் மூடி வச்சு, இளந்தீயில வேக வைக்காங்க.”

“என்ன கறிடே?” என்றாள் அத்தை.

சரியாக அந்த நேரம் பார்த்து அவனுக்கு நெட்வொர்க் போய்விட்டது. திரும்பி வந்தபோது அவனாகவே அடுத்த விஷயத்துக்குத் தாவிவிட்டான். “கீழ இருக்கதுக்குப் பேரு கிரிட்ஸ் ஆச்சி. இதுல சீஸ் போட்டுக் கிண்டியிருக்கு. இங்க இது ரொம்ப ஒசத்தி. 2002-ல இந்த மாநிலம் இதைத் தன்னோட அதிகாரப்பூர்வ உணவுன்னே அறிவிச்சிருக்கு.”

“அப்படியா ராசா! பாக்கவே எப்படி இருக்கு! பால்ல வெந்த பச்சரிசியா?”

“மக்காச்சோளக் குருணை.”

அத்தை கொஞ்ச நேரம் பேசவில்லை. அம்மா முறத்தில் இருந்த கருவேப்பிலையை உருவுவதில் மும்முரமானாள்.

“அந்த ஊரு மக்காச்சோளம் வேற மாதிரி இருக்கும்” என்றாள் அத்தை கடைசியில்.

வேற மாதிரியெல்லாம் இல்லை. கோவில்பட்டி, விளாத்திகுளம் பக்கம் இப்போது போனால் பருத்தியும் கம்பும் நின்ற காடுகளில் பாதிக்கு மேல் மக்காச்சோளம்தான் தென்படுகிறது. பெரும்பாலும் கோழித் தீவனத்துக்குப் போகிறது. மக்காச்சோளத்துக்குப் பூர்வீகம் அமெரிக்கக் கண்டம். தானியம் வந்து சில நூற்றாண்டுகள் கழித்து, அதைத் தின்கிற படைப்புழுவும் அதே கண்டத்திலிருந்து கிளம்பி, 2018-ல் இந்தியாவுக்கு வந்து நம் கரிசலையும் தேடிப் பிடித்தது. உறவு விட்டுப்போகக் கூடாதல்லவா. நம்முடைய நாட்டுச் சோளம் வேறு கதை. அதன் பிறந்த வீடு ஆப்பிரிக்கா. ஆயிரக்கணக்கான வருஷங்களுக்கு முன்பே இங்கே வாழ வந்துவிட்டது. ஆனாலும் என் அம்மா மாதிரி இன்னும் ‘வந்தவ’தான்.

கரிசலுக்கும் ஜார்ஜியாவுக்கும் கொடுக்கல் வாங்கல் புதிதல்ல. இரண்டுமே பருத்திச் சீமைகள். 1861-ல் அமெரிக்காவில் உள்நாட்டுப் போர் மூண்டு தென்மாநிலத் துறைமுகங்கள் அடைபட்டபோது, இங்கிலாந்தின் ஆலைகள் பஞ்சுக்குத் தவித்தன. இந்தியப் பருத்திக்கு விலை பறந்தது. எங்கள் கரிசல் பஞ்சு ‘டின்னவேலி’ என்ற பெயரிலேயே சந்தையில் ஓடியது. 1865-ல் போர் முடிந்தது, விலையும் இறங்கியது. அங்கே அந்தப் பருத்தியைப் பறித்தவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வரப்பட்ட அடிமைகளும் அவர்கள் பிள்ளைகளும். அவர்களுக்கு வாரப்படியாக அளந்தது மக்காச்சோள மாவும் உப்புப் போட்ட பன்றிக்கறியும். எசமான் வேண்டாமென்று தள்ளிய எலும்பையும் சவ்வையும் இளந்தீயில் நெடுநேரம் கிடத்தி, தானியக் கூழின் மேல் ஊற்றிச் சாப்பிட்டவர்களின் கைப்பக்குவம்தான் பெரிய ஓட்டல்களின் மேசைக்கு ஏறியிருக்கிறது. 1980-களில் வட கரோலினாவின் சேப்பல் ஹில் ஊரில் பில் நீல் என்ற சமையல்காரர் சீஸ் போட்ட கிரிட்ஸின் மேல் இறாலை வைத்துப் பரிமாற, பத்திரிகைகள் எழுத, அதன் பிறகு கிரிட்ஸுக்கு வெள்ளை மேசைவிரிப்பு கிடைத்தது. நமக்கும் 2023-ஐ ஐ.நா. சபை சிறுதானிய ஆண்டு என்று அறிவித்த பிறகு, பாளையங்கோட்டை ஆர்கானிக் கடையில் சோளக் குருணை அரைக் கிலோ பாக்கெட்டில், பச்சை இலைப் படம் போட்டு வந்துவிட்டது. அரிசியைவிட விலை கூடுதல். அப்பா இருந்திருந்தால் கோழிகளுக்குக் கும்பிடு போட்டிருப்பார்.

அக்கா மகன் தீபாவளிக்கு வருகிறான், வரும்போது சீஸ் கொண்டுவருகிறான் என்றதும் நான் சமையல்கட்டைக் கேட்டேன். என் மனைவி சம்மதித்தாள், ஆனால் ஒரு நிபந்தனை: “பாத்திரம் பூராவையும் எடுக்கப்படாது.” ஆண்பிள்ளைகள் சமைத்தால் வீட்டில் கரண்டி மிஞ்சாது என்பது அவள் கட்சி.

முதல் சிக்கல் கறிக்கடையில். எங்கள் ஊரில் கறி வாங்குவது ஒரு மானப் பிரச்சினை. வரிசையில் நிற்கிற ஒவ்வொருவரும் “இளங்கறியாப் போடுங்க பாய், தொடையில தனிக்கறியா” என்று உரக்கச் சொல்வார்கள். சொல்வது பாய்க்கு அல்ல, பின்னால் நிற்பவருக்கு. என் முறை வந்தது.

“முத்துன கிடா இருக்கா பாய்? கழுத்தும் முன்னஞ்சப்பையும் வேணும். நல்லி எலும்பு நாலு.”

கடை நிசப்தமானது. எனக்குப் பின்னால் நின்ற ஒரு ஓய்வுபெற்ற தாசில்தார், பென்ஷன் நின்றுவிட்டதா என்று விசாரிக்கிற பார்வை பார்த்தார். பாய் மட்டும் கத்தியைக் கீழே வைத்துவிட்டு, “அண்ணாச்சிக்குச் சமைக்கத் தெரியும்” என்றார். அந்தச் சான்றிதழை நான் சட்டம் போட்டு மாட்டாதது ஒன்றுதான் குறை.

எங்கள் பக்கத்துக் கன்னி ஆடு கறுத்து, நெடுநெடுவென்று உயர்ந்து, முகத்தில் இரண்டு கோடு விழுந்திருக்கும். கோடு வெள்ளையாக இருந்தால் பால்கன்னி, செம்மையாக இருந்தால் செங்கன்னி. கரிசலில் முள்ளுச் செடி தேடி நாளெல்லாம் நடக்கிற ஆடு. நடக்கிற ஆட்டுக்குக் கழுத்திலும் காலிலும் சவ்வு அதிகம். அந்தச் சவ்வுதான் விஷயமே. அவசரத்தில் வேகவைத்தால் செருப்பு வார். எழுபது, எண்பது டிகிரிக்கு மேல் தண்ணீரோடு நெடுநேரம் கிடந்தால் உருகிப் பசையாகும். அந்தப் பசைதான் குழம்புக்கு உதட்டில் ஒட்டுகிற பக்குவத்தைத் தருகிறது. இளங்கறியில் இது குறைவு. சீக்கிரம் வெந்துவிடும், அதற்கு மேல் விட்டால் வறண்டு நாராகும். அதாவது தாசில்தார் கூடுதல் விலை கொடுத்து வாங்கிப்போனது குழம்பாக ஆக முடியாத ஒரு பொருள். இதை அவரிடம் சொல்லியிருக்கலாம். தீபாவளிச் சமயம், மனுஷன் நன்றாக இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

அடுத்த தகராறு குக்கர். “எதுக்கு இந்தக் கூத்து? ஏழு விசில் விட்டா முடிஞ்சிது” என்றாள் மனைவி. தமிழ்நாட்டில் நேரத்தை அளக்க மணி, நிமிஷம் எல்லாம் வழக்கொழிந்து விசில் ஒன்றே நிற்கிறது. குக்கரை நான் குறைசொல்லவில்லை. உள்ளே சூடு நூற்றிருபது டிகிரிக்கு ஏறுகிறது. சவ்வு சட்டென்று உருகிவிடுகிறது, வாஸ்தவம். ஆனால் மூடி இறுகியிருப்பதால், விசிலில் போகிற கொஞ்சம் ஆவியைத் தவிரத் தண்ணீர் வெளியேறாது. குழம்பு வற்றாது, திரளாது. எண்ணெய் மேலே தெளிந்து வராது. கறி வெந்திருக்கும், தண்ணீர் தனியாக நிற்கும். இரண்டும் ஒரே பஸ்ஸில் வந்த அந்நியர்கள்போல இருக்கும். ஆகவே காருகுறிச்சி மண்சட்டி. நாதஸ்வரச் சக்கரவர்த்தி அருணாசலத்தால் உலகறிந்த ஊர். அதற்கு முன்பும் பின்பும் சுற்றுவட்டாரம் அறிந்தது சட்டி பானையால். புதுச் சட்டியை அரிசி களைந்த தண்ணீரில் இரண்டு நாள் போட்டுப் பழக்கியிருந்தேன். அதற்குக்கூட அரிசித் தண்ணீர்தான் வேண்டியிருக்கு பாரு என்று அத்தை ஒரு புள்ளி எடுத்துக்கொண்டாள்.

மல்லி, வத்தல், மிளகு, சீரகம், சோம்பு, கொஞ்சம் கசகசா. எல்லாம் தனித்தனியாக வறுத்தது. தேங்காய் சிவக்க வறுத்து, உள்ளியோடு சேர்த்து அரைத்தது. அம்மியில் அரைத்தேன் என்று எழுத ஆசைதான், மிக்ஸி. நல்லெண்ணெயில் உள்ளி வதங்கி, இஞ்சி பூண்டு மணம் அடங்கி, கறி விழுந்து தன் தண்ணீரைத் தானே விட்டு அது வற்றுகிற வரை கிளறி, மசாலா, வெந்நீர், மூடி. தீயைக் குறைத்தேன். சட்டிக்குள் எப்போதாவது ஒரு குமிழி வந்து ‘பொளக்’ என்று உடையும் அளவுக்கு.

இதற்குப் பிறகு செய்ய ஒன்றுமில்லை. அதுதான் எங்கள் வீட்டால் தாங்க முடியாதது. வருகிறவர் போகிறவர் எல்லாரும் மூடியைத் திறந்து பார்த்தார்கள். ஒருவர் திறக்கும்போது போகிற ஆவியை மீட்க எனக்குக் கொஞ்ச நேரம் ஆகும்; அதற்குள் அடுத்தவர். வீட்டுக்கு வந்த பக்கத்து வீட்டு அண்ணாச்சி, “முருங்கைக்காய் போடலியா?” என்றார். அது எங்கள் ஊர்ப் பழக்கம்: ஆட்டைவிட ஆட்கள் அதிகமான குடும்பங்களில் முருங்கைக்காயும் வாழைக்காயும் கறிக்குத் துணையாக இறங்கும். அவர் தானும் சாப்பிட வருவதாகத்தான் அப்படிச் சூசகமாகச் சொன்னார் என்பது எனக்குப் பிறகுதான் உறைத்தது. இரண்டு முருங்கைக்காய் போட்டேன்.

இத்தனைக்கும் காத்திருந்து சமைக்கத் தெரியாத ஊர் அல்ல இது. ஆடி அமாவாசைக்குக் காரையாறு சொரிமுத்து அய்யனார் கோவிலுக்குப் போய்ப் பாருங்கள். முண்டந்துறைப் புலிக்காட்டுக்குள் கூடாரம் அடித்து, நாட்கணக்கில் தங்கி, கிடா வெட்டி, கல் கூட்டி அடுப்பு மூட்டி, அவசரமே இல்லாமல் வேகவைப்பார்கள். புலி வந்து கேட்டாலும் “வேகட்டும், இரு” என்பார்கள். 2003-ல் கிடாவெட்டுத் தடைச் சட்டத்தை அரசு தூசிதட்டி எடுத்தது. 2004-ல் அதை ரத்தே செய்துவிட்டது. கிராமத்து ஓட்டும் குலசாமியும் ஒரே இலையில் சாப்பிடுகிற நாடு இது. அப்புறம் அல்வா. கோதுமையே விளையாத ஊரில், கோதுமையை ஊறப்போட்டு, ஆட்டிப் பாலெடுத்து, நெய்விட்டுக் கைவலிக்கக் கிண்டி உலகத்துக்கெல்லாம் விற்கிறோம்; கேட்டால் தாமிரபரணித் தண்ணீர் என்கிறோம். கிண்டுவதில் எங்களுக்கு ஆட்சேபமே இல்லை. எதைக் கிண்டுகிறோம் என்பதில்தான் சாதி பார்ப்போம்.

சோளச்சோற்றை அம்மா தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டாள். ஆர்கானிக் பாக்கெட்டைக் கையில் வாங்கி, முன்னும் பின்னும் திருப்பி, விலையைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே. அந்தக் காலத்தில் சோளத்தில் தண்ணீர் தெளித்து, உரலில் இட்டு உமி போகக் குத்தி, புடைத்து, மறுபடி குத்தி, குருணை வேறு மாவு வேறாகச் சலித்தெடுப்பார்கள். இரண்டு பெண்கள் மாற்றுலக்கை போட வேண்டும். இப்போது பாக்கெட்டைக் கிழித்தால் போதும். தண்ணீர் தளதளவென்று கொதிக்கும்போது குருணையைத் தூவி, அது முக்கால் வேக்காடு வந்ததும் மாவைக் கரைத்து ஊற்றி, அகப்பைக் காம்பால் விடாமல் கிண்டினாள். விட்டால் கட்டி தட்டும். எண்பதைத் தாண்டிய கை அது. பக்கத்தில் நின்று நான் படம் எடுத்தேன்.

சீஸ் விவகாரம் இங்கேதான் வந்தது. அக்கா மகன் பெட்டியைத் திறந்து, செங்கல் அளவுக்கு மஞ்சளாக ஒன்றை எடுத்து வைத்தான். செட்டார் என்றான். பாதிச் சோளச்சோற்றை வேறு சட்டிக்கு மாற்றி, அதில் துருவிப் போட்டுக் கிண்டினான். நூல் நூலாக இழுத்தது. உப்பும் புளிப்பும் கொழுப்பும் ஒன்றாகச் சேர்ந்த வாசனை. அம்மா ஒரு துளி நாக்கில் வைத்துப் பார்த்தாள்.

“ஏல, இது மோர் புளிச்ச ருசில்லா? இதுக்கா பெட்டி கட்டித் தூக்கிட்டு வந்த?”

யோசித்தால் அவள் சொல்வது சரி. குருணைக்குத் தனியாக ருசி இல்லை. அதற்குக் கொஞ்சம் புளிப்பு, கொஞ்சம் கொழுப்பு வேண்டும். ஜார்ஜியாக்காரர்கள் அதைச் சீஸாகப் போடுகிறார்கள். கரிசலில் புளித்த மோரும் ஒரு கரண்டி நெய்யும். ஆத்துப் பக்கம் தேங்காய்ப்பால் விட்டிருப்போம், இதைச் சமைத்திருந்தால். அவள் தன் பங்குச் சட்டியில் நெய் மட்டும் விட்டு இறக்கிவிட்டாள். மோர் மறுநாளைக்கு. மிஞ்சினதை உருட்டித் தண்ணீரில் போட்டு, காலையில் மோர் விட்டுக் கரைத்துப் பழங்குழம்போடு குடிப்பதற்கு.

குழம்பு தயாராவதற்குள் மத்தியானம் போய்ச் சாயங்காலம் எட்டிப்பார்த்தது. சட்டியைத் திறந்தபோது எண்ணெய் பிரிந்து ஓரம் கட்டியிருந்தது. கழுத்துக்கறி எலும்பை விட்டுத் தானாகக் கழன்றது. பசியில் எல்லோரும் ஏற்கெனவே முறுக்கும் அதிரசமும் தின்று வயிற்றை நிரப்பியிருந்தார்கள். மெதுவாகச் சமைப்பதில் உள்ள ஒரே குறை இது. இருந்தாலும் இலை போட்டாயிற்று.

எனக்கு ஒரே கவலை அத்தை. அவளுக்காகத் தனியே கால்படி அரிசி வடித்து வைத்திருந்தேன். அவள் வந்து உட்கார்ந்தாள். சோறு போட்டேன். அதைக் கையால் ஓரமாக ஒதுக்கினாள்.

“இது எதுக்கு? அந்தச் சட்டில இருக்கத வை.”

“சீஸ் போட்டதா அத்த?”

“அது அவன் திங்கட்டும். மதினி கிண்டுனத வையி. நடுவுல நல்லாக் குழி பண்ணு. நல்லி ரெண்டு போடு.”

நான் அகப்பையோடு நின்றேன். அவள் குழியின் ஓரத்திலிருந்து பிய்த்து, தோய்த்து, வாயில் போட்டு, கண்ணை மூடி, “சொரசொரப்பு கொஞ்சம் கொறச்சல். அந்தக் காலத்துல மதினி கொஞ்சம் நற நறன்னு கிண்டுவா” என்றாள்.

“எந்தக் காலத்துல?”

“எந்தக் காலம்னா? உங்கப்பன் வயக்காட்டுக்குப் போன காலத்துலதான். வேற எந்தக் காலத்துல?” அத்தை நல்லியை இலையில் தட்டினாள். “நானும் மதினியும் மாத்தி மாத்திக் குத்துவோம். நாலு வீட்டுக்குக் கேட்கும். அவ்வோ வந்து சத்தம் என்னன்னு கேட்டா நெல்லு குத்துதோம்னு சொல்லுவா.”

“பெருச்சாளி?”

“அதுக்கு நாங்க என்ன செய்ய? அண்ணன் பொறி வாங்கிட்டு வந்தா வேண்டாம்னா சொல்ல முடியும்? காசு போட்டு வாங்கினது, கொழுக்கட்டை வச்சோம்.”

அம்மா இலையைப் பார்த்துக்கொண்டே சாப்பிட்டாள். தோள் மட்டும் குலுங்கிற்று. எட்டு அணைக்கட்டுப் பெருமையும், கோழிக்கு வந்த யோகமும், இத்தனை வருஷமாக அப்பாவுக்கும் எனக்கும் போட்டுக்காட்டிய நாடகம். அடுக்களைக்குள் ஆத்துப் பாசனமும் கரிசக்காடும் ஒரே சட்டியில் தோய்த்துச் சாப்பிட்டிருக்கின்றன.

அக்கா மகனின் சீஸ் சோற்றைப் பக்கத்து வீட்டு அண்ணாச்சி மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டார். குழம்பு இல்லாமலே இது நன்றாக இருக்கிறது என்றார். அவருக்கு முருங்கைக்காய் எல்லாம் போய்விட்டதால் எனக்கு அவர் கருத்தில் மரியாதை இல்லை.

கடைசியில் நான் ஒதுக்கிவைத்த அரிசிச் சோறுதான் மிச்சம். “அத என்ன செய்ய?” என்றேன்.

“காலையில கோழிக்குப் போட்டுரு” என்றாள் அத்தை.

“இப்பம் கோழி ஏது வீட்டுல?”

“அப்பம் தண்ணி ஊத்தி வை, நீ குடி. சோளத்துல கைய வைக்காத, அது எனக்கும் மதினிக்கும். அந்தச் சட்டிய ராத்திரியே கழுவிரு. சோப்புப் போடாதல, காருகுறிச்சிச் சட்டி சோப்பக் குடிச்சிரும். கடலை மாவு போட்டுத் தேய்.”